சாதம் என்று எழுதினேன்

நான் எழுதியது முதன்முதலில் அச்சில் வந்தது ஒரு மாத்திரைப் பொட்டலத்தோடு. கதையுமில்லை, கட்டுரையுமில்லை. உள்ளங்கை அகலத்தில் ஒரு மஞ்சள் தாள், அதில் ஐந்து வரி.

அறுபதுகளின் தொடக்கம். எனக்கு இருபத்து நான்கு வயது. சேலத்தில் கன்னியர் மடத்துப் பெண்கள் பள்ளி ஒன்றில் தமிழாசிரியையாக இருந்தேன். அப்பா செவ்வாய்ப்பேட்டையில் இங்கிலீஷ் மருந்துக்கடை வைத்திருந்தார். கடைக்கு மேலே எங்கள் வீடு. எதிர்ச் சாரி முழுவதும் அரிசி மண்டிகள். விடிந்தால் மூட்டை இறக்குகிறவர்களின் சத்தத்தில்தான் எழுவோம்.

ஒருநாள் சென்னையிலிருந்து ஒரு மருந்துக் கம்பெனியின் அதிகாரி கடைக்கு வந்தார். கம்பெனியின் தலைமையிடம் பம்பாயில், தாய்க் கம்பெனி கடல் கடந்து எங்கோ. மருந்து விற்று வாழ்கிற கம்பெனிக்கு, வாங்க முடியாதவர்களைப் பற்றியும் பொறுப்பு உண்டென்று அங்கே பெரியவர்கள் முடிவு செய்திருக்கிறார்களாம். அதனால் பல ஏழை நாடுகளில், மிஷன் மருந்தகங்கள் வழியாக, காசநோய் மாத்திரையை இலவசமாகக் கொடுக்கப் போகிறார்கள். இதைச் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு பெருமை இருந்தது. நடிப்பில்லை. அவருடைய தம்பி ஒருவர் அந்த நோயில் போனவர் என்று பிறகு அப்பாவிடம் சொன்னாராம்.

பொட்டலத்தோடு கொடுக்கும் குறிப்புத் தாளைத் தமிழில் எழுத ஆள் தேவைப்பட்டது. அப்பா மாடிப்படியைக் காட்டினார்.

ஆங்கிலத்தில் இருந்தது எளிய விஷயம்தான். காலையும் இரவும் சாப்பிட்ட பிறகு ஒரு மாத்திரை. வெறும் வயிற்றில் சாப்பிட்டால் வயிறு புண்ணாகும். நடுவில் நிறுத்தக் கூடாது. இன்னும் இரண்டு வரி. ஆனாலும் நான் அதற்கு இரண்டு மாலை எடுத்துக்கொண்டேன். ‘உணவு’ என்று எழுதினால் பாடப்புத்தகம் மாதிரி இருந்தது. ‘போஜனம்’ ஓட்டல் பலகை. ‘சாப்பாடு’ என்றால் விருந்து என்று நினைத்துக்கொள்வார்களோ என்று பட்டது. கடைசியில், ‘காலையும் இரவும் சாதம் சாப்பிட்ட பிறகு ஒரு மாத்திரை’ என்று எழுதினேன். வீட்டுப் பேச்சு மாதிரி இருந்தது. அம்மா எங்களைக் கூப்பிடும் வார்த்தை அது. அதற்கடுத்த வரியாக, ‘வெறும் வயிற்றில் சாப்பிட்டால் வயிறு புண்ணாகும், எச்சரிக்கை’ என்றும் எழுதினேன்.

அதோடு நிற்கவில்லை. கம்பெனி அனுப்பிய மாதிரித் தாளில் ஒரு படம் இருந்தது: தட்டு, ரொட்டி, கரண்டி. நம் பக்கத்து மக்களுக்கு இது புரியாது, வாழையிலையும் அதில் வெள்ளைச் சாதக் குவியலும் வரையுங்கள் என்று தனியாக ஒரு கடிதம் எழுதினேன். அப்படியே வரைந்தார்கள். அந்த ஊர்க்காரர்களின் வாழ்க்கையை அறிந்த யோசனை என்று பாராட்டி, கம்பெனிக் காகிதத்தில் பம்பாயிலிருந்து கடிதம் வந்தது. அப்பா அதைச் சட்டம் போட்டுக் கடையில் மாட்டினார். வருகிறவர்களிடமெல்லாம் காட்டினார்.

எட்டு மாதம் போனது. நாமக்கல் போகும் சாலையில், ராசிபுரம் தாண்டி ஒரு கிராமத்தில் மருந்தகம் நடத்திய சிஸ்டர் எங்கள் பள்ளி மடத்துக்கு வந்திருந்தார். மலையாளத்துக்காரர், ஐம்பதை நெருங்குகிறவர், பேச்சில் வேகம். ஒரு பெண்ணைப் பற்றிச் சொன்னார். “அவளுக்கு எக்ஸ்ரே மோசமாகிக்கிட்டே போகுது. மருந்து சரியா எடுக்கிறேன்னு சத்தியம் பண்றா. என் தமிழ் போதலைன்னு தோணுது. லீவுல ஒருநாள் வந்து பேசிப் பாரேன். உன் தாளையும் பார்த்த மாதிரி இருக்கும்.”

காலாண்டு விடுமுறையில், சந்தை நாளாகப் பார்த்துப் போனேன். அன்றுதான் மருந்து கொடுப்பார்கள். பஸ்ஸை விட்டு இறங்கினால் நிலக்கடலைக் காடு, சோளத்தட்டுப் போர், அதற்கப்பால் ஓடு வேய்ந்த மருந்தகம். முன்னால் இரண்டு வேப்பமரம். ஒரு மரத்தடியில் முப்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண் உட்கார்ந்து, என் மஞ்சள் தாளை விரல் வைத்துச் சத்தமாகப் படித்துக்கொண்டிருந்தாள். சுற்றி ஏழெட்டுப் பேர் கேட்டுக்கொண்டிருந்தார்கள். எனக்கு உடம்பு சிலிர்த்தது. நான் எழுதிய வரியை முன்பின் தெரியாத ஒரு குரல் வாசித்துக் கேட்டது அதுதான் முதல் தடவை.

“அவதான்,” என்றார் சிஸ்டர்.

அவளோடு அவள் வீட்டுக்கு நடந்தேன். கால் மைல் இருக்கும். வழியில் மூன்று இடத்தில் நின்று மூச்சு வாங்கினாள். காட்டு வேலைக்குப் போகிறவள், புருஷன் கிணற்றில் மாடு கட்டிக் கவலை இறைக்கிறவன், இரண்டு குழந்தைகள். பனையோலை வேய்ந்த ஒற்றை அறை, சுத்தமாக இருந்தது. எனக்குச் சாக்கை விரித்துப் போட்டாள்.

“மாத்திரை தவறாம சாப்பிடறீங்களா அக்கா?”

“தவறாம திங்கறனுங்க. தாள்ல போட்டாப்பலயே.”

“தினமும் ரெண்டு வேளையா?”

அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். பாடம் கேட்கிற டீச்சரே பாடத்தை மறந்துவிட்டாளோ என்பது போல.

“தெனமும் எப்படிங்க? நெல்லஞ்சோறு ஆக்கற அன்னைக்குத் திங்கறனுங்க. அமாவாசைக்கு ஆக்குவோம். ஆடிப் பதினெட்டுக்கு ஆக்குனோம். எங்க நங்கையா ஊட்டுக் கல்யாணச் சீருக்குப் போனப்ப, மாத்தரைய முந்தானையில முடிஞ்சிட்டுப் போயித் தின்னுட்டு வந்தனுங்க.”

“மத்த நாள்ல?”

“மத்த நாள்ல களிதானுங்களே. இல்லாட்டிக் கம்மங்கூழு. சாதமில்லாம அதுமேல போட்டா வயிறு புண்ணாயிருமுன்னு போட்டிருக்குதுங்களே. நான் மூணாங்கிளாசு வரைக்கும் படிச்சவளுங்க, அம்மிணி.”

எழுந்துபோய் உறியிலிருந்து ஒரு தகர டப்பாவை எடுத்து வந்தாள். மூடியைத் திறந்தாள். உள்ளே, கந்தைத் துணியில் முடிச்சு முடிச்சாக, எட்டு மாத மாத்திரைகள். ஈரம் படாமல், ஒன்றுகூட உடையாமல் வைத்திருந்தாள். “ஒண்ணு வீணாக்கலீங்க,” என்றாள்.

நான் டப்பாவையும் பார்த்தேன், அவள் கையில் இருந்த தாளையும் பார்த்தேன். இலை, வெள்ளைக் குவியல், சாதம். என் வீட்டில் மூன்று வேளையும் அரிசிச் சோறு. அந்தச் சமவெளியில் ராகியும் கம்பும்தான் அன்றாடம் என்பது எனக்குத் தெரியாத சங்கதி இல்லை. பஸ்ஸில் போகும்போதெல்லாம் அந்தக் காடுகளைப் பார்த்தவள்தான். எழுத உட்கார்ந்தபோது நினைவுக்கு வரவில்லை, அவ்வளவுதான்.

“இதை எழுதினது நான்தான் அக்கா,” என்றேன்.

“எதைங்க?”

“இந்தத் தாளை. களி சாப்பிட்டாலும் மாத்திரை போடலாம். கூழு குடிச்சாலும் போடலாம். வயிறு காலியா இருக்கக் கூடாது, அதுதான் விஷயம். நான் தப்பா எழுதிட்டேன்.”

அவள் தாளைத் திருப்பிப் பார்த்தாள். பின்பக்கம் ஒன்றுமில்லை.

“நீங்க மூணு நேரமும் நெல்லஞ்சோறுதான் திங்கறீங்களா?”

“ஆமா.”

“அப்படிங்களா,” என்றாள். அந்தக் குரலில் கோபம் இல்லை, பொறாமையும் இல்லை. தெரியாத ஊரின் பெயரைக் கேட்டவள் போல இருந்தது. அப்புறம்தான் அவள் முகம் மாறியது. “இந்தத் தாளை நான் பதினோரு ஊட்டுக்குப் படிச்சுச் சொல்லியிருக்கறனுங்களே,” என்றாள்.

எனக்கு முன்னால் அவள் வாசலைத் தாண்டிவிட்டாள். மூச்சு வாங்கிக்கொண்டே போனாள். அன்று பொழுது சாய்வதற்குள் பதினோரு வீட்டுக்கும் போனோம். ஒவ்வொரு வீட்டிலும் அவளே சொன்னாள்: “நான் சொன்னது தப்புங்க. எது தின்னாலும் மாத்தரை போடோணும், தெனமும் போடோணும்.” எழுதியது நான் என்பதை அவள் ஒரு வீட்டிலும் சொல்லவில்லை. மூன்று வீட்டில் நானே சொன்னேன். மற்ற வீடுகளில் எனக்கு வாய் வரவில்லை. படிக்கத் தெரியாமல், அவளிடமும் கேட்காமல், சிஸ்டரின் கை ஜாடையைப் பார்த்து மாத்திரை போட்டுவந்தவர்கள் இரண்டு பேரை வழியில் பார்த்தோம். அவர்கள் தேறியிருந்தார்கள்.

மருந்தகத்துக்குத் திரும்பி சிஸ்டரிடம் சொன்னேன். அவர் ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். “விட்டு விட்டுச் சாப்பிட்டா கிருமி மருந்துக்குப் பழகிடும். அப்புறம் அந்த மாத்திரை கேக்காது,” என்றார். பிறகு மெல்ல, “நானும் கேட்டிருக்கணும். தாள் இருக்கேன்னு விட்டுட்டேன்,” என்றார்.

சேலத்துக்கு வந்ததும் முதலில் செய்த காரியம், கடையில் மாட்டியிருந்த சட்டத்தைக் கழற்றியது. அப்பா தடுத்தார்.

“ஒரு வார்த்தை எழுதின. அவங்க அச்சடிச்சாங்க. இதுல உன் தப்பு என்ன இருக்கு?”

“ஊருக்கு ஊரு இந்தத் தாள் போயிருக்குப்பா. எங்கெங்க போயிருக்குன்னு எனக்குத் தெரியாது.”

அதுதான் என்னை உட்காரவிடாமல் செய்தது. இந்த ஒரு ஊர் தெரிந்துவிட்டது. தெரியாத ஊர்கள் எத்தனை? வகுப்பில் கரும்பலகையில் எழுதும்போது பாதி வரியில் நின்றுவிடுவேன். எதிர் மண்டியில் மூட்டை அவிழ்த்து அரிசியைத் தூற்றுவார்கள், ஜன்னலைச் சாத்திவிடுவேன். அம்மா சாப்பிடக் கூப்பிட்டால் எரிச்சல் வந்தது. அவள் என்ன செய்வாள், பாவம்.

கம்பெனிக்கு விவரமாகக் கடிதம் எழுதினேன். மூன்று வாரம் கழித்துப் பதில் வந்தது. என் அக்கறைக்கு நன்றி, அடுத்த பதிப்பில் பரிசீலிக்கப்படும், அதுவரை அங்கீகரிக்கப்பட்ட குறிப்பை யாரும் கையால் திருத்த வேண்டாம் என்றிருந்தது. மாத்திரை போயிருக்கிற மருந்தகங்களின் பட்டியலையாவது கொடுங்கள் என்று மறுபடி எழுதினேன். அதற்குப் பதிலே இல்லை.

திருத்த வேண்டாம் என்று எழுதியது எனக்கு வசதியாகப் போயிற்று, என்மேல் இருந்த கோபத்தை அவர்கள்மேல் திருப்ப முடிந்தது. ஞாயிறு காலைப் பூசை முடிந்ததும் பஸ் ஏறிவிடுவேன். சிகப்பு மைப் பேனா, ஒரு பை. சிஸ்டரின் மருந்தகத்தில் இருந்த தாள்கள் அத்தனையிலும் ‘சாதம்’ என்பதை அடித்து, ‘களி, கூழ், சோறு எதுவானாலும்’ என்று எழுதினேன். வீடுகளுக்குள் போய்விட்ட தாள்களைத் தேடி, அந்த அக்காவும் நானும் சுற்றுப்பட்டு ஊர்களுக்கு நடந்தோம். வெயிலில் அவளால் முடியாது. “நீங்க இருங்கக்கா, நான் போயிட்டு வரேன்” என்றால் கேட்கமாட்டாள். “உங்களுக்கு வழி தெரியாது சாமி,” என்பாள். கல்யாணமாகாத பெண் ஞாயிறுதோறும் காசநோய் வீடுகளுக்குப் போகிறாள் என்று சொந்தத்தில் பேச்சு வந்தது. வந்த ஒரு வரன் அதைக் காரணம் காட்டியே நின்றுபோனது. அப்பா அதற்கப்புறம் ஒரு மாதம் என்னோடு சரியாகப் பேசவில்லை.

அந்தப் பதினோரு வீட்டில் ஒருவர் வண்டியோட்டி, அறுபது வயதுக்காரர். நாங்கள் போய்ச் சொன்ன நாளிலிருந்து தினமும் போட்டார். ஆனால் தேறவில்லை. மாரியம்மன் நோம்பி சாட்டிய வாரத்தில் இறந்துபோனார். அந்த மாத்திரையை முதலிலிருந்தே ஒழுங்காகச் சாப்பிட்டிருந்தால் பிழைத்திருப்பாரா என்று சிஸ்டரைக் கேட்டேன். “சொல்ல முடியாது. வரும்போதே மோசமாத்தான் வந்தார்,” என்றார். துக்கம் விசாரிக்கப் போனேன். அவர் மகன் எனக்குக் கட்டிலைப் போட்டு, “இவ்வளவு தூரம் பஸ் ஏறி வந்தீங்களே, போதுமுங்க,” என்றான். அவன் என்னைத் திட்டியிருந்தால் அன்று எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

மாசி வாக்கில் அந்த அதிகாரி வந்தார். கார், கூடவே காமிராவோடு ஒருவர். வெளிநாட்டிலிருந்து கம்பெனியின் டைரக்டர் ஒருவர் வரப்போகிறார், அவருக்குக் காட்டப் படங்கள் வேண்டும். மருந்து வாங்கியவர்கள் தாளைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்கிற மாதிரி. ஞாயிற்றுக்கிழமையாகையால் நானும் அங்கே இருந்தேன். படிக்கத் தெரிந்த பெண் என்று யாரோ சொல்ல, அந்த அக்காவை நிறுத்தினார்கள். தலைவாரிப் பூ வைத்து வந்திருந்தாள். காமிராக்காரர் பெட்டியிலிருந்து ஒரு புதுத் தாளை எடுத்துக் கொடுத்தார். அவள் அதைப் படித்துப் பார்த்துவிட்டுத் திருப்பி நீட்டினாள்.

“இதுல தப்பிருக்குதுங்க.”

“நீங்க சும்மா பிடிச்சிக்கிட்டா போதும்மா. படிக்க வேணாம்,” என்றார் அதிகாரி.

“தப்பான தாளைக் கையில புடிச்சிட்டு நான் படத்துக்கு நிக்கமாட்டனுங்க. இந்தா, இதுன்னா நிக்கறேன்.” இடுப்பில் செருகியிருந்த சிகப்பு மைத் தாளை எடுத்தாள்.

அதிகாரி என்னைத் தனியாகக் கூப்பிட்டார். வேப்பமரத்தடிக்குப் போனோம். அவள் எங்கள் பின்னாலேயே வந்து சற்றுத் தள்ளி நின்றுகொண்டாள்.

“மிஸ், உங்க லெட்டர் எனக்கு வந்தது. மேலே அனுப்பினேன். அடுத்த பிரிண்ட்ல மாத்தலாம்னுட்டாங்க.”

“அடுத்த பிரிண்ட் எப்போ?”

“இருக்கிறது தீர்ந்ததும்.”

“தீர்ற வரைக்கும் அமாவாசைக்கு அமாவாசை மருந்து சாப்பிடறவங்களுக்கு என்ன சொல்றது சார்?”

அவர் கழுத்துப் பட்டையைத் தளர்த்தினார். “நாங்க இனாமாத் தர்றோம் மிஸ். வித்த சரக்குல தப்புன்னா அது வேற. இது தர்மம். இதுல போய்…” என்றவர் வாக்கியத்தை முடிக்கவில்லை. முடிக்கும் முன்பே அவருக்கே அது பிடிக்கவில்லை என்று முகத்தில் தெரிந்தது.

தள்ளி நின்றவள் கேட்டாள்: “இனாமாக் குடுத்தா தப்பாக் குடுக்கலாமுங்களா?”

சண்டைக்குக் கேட்கவில்லை. அப்படி ஒரு வழக்கம் உண்டா என்று தெரிந்துகொள்ளக் கேட்டது போலிருந்தது. அவர் அவளை அப்போதுதான் நன்றாகப் பார்த்தார். அவளுக்கு இருமல் வந்தது. அவர் கை தானாகச் சட்டைப்பையிலிருந்த கைக்குட்டைக்குப் போனது, அதை எடுக்காமல் அப்படியே நின்றார்.

“எத்தனை மாசமா இப்படிச் சாப்பிட்டீங்க?” என்று கேட்டார்.

“எட்டு மாசமுங்க.”

அதன் பிறகு அவர் படம் எடுக்கவில்லை. காரில் இருந்த தாள் கட்டுகளை இறக்கச் சொல்லி, சிஸ்டரிடம் கொடுத்து, அடுப்புக்குப் போட்டுவிடுங்கள் என்றார். சேலம் வரைக்கும் என்னையும் காரில் ஏற்றிக்கொண்டு வந்தார். எங்கள் கடை பெஞ்சில் உட்கார்ந்து, தன் பையிலிருந்த கோப்பைப் பார்த்து, தமிழ் பேசும் ஜில்லாக்களில் மாத்திரை போன மருந்தகங்களின் முகவரியைத் தன் கையாலேயே எழுதிக் கொடுத்தார். “இதை நான் கொடுத்ததாச் சொல்ல வேணாம். சொன்னாலும் பரவாயில்லை,” என்றார். அப்பா அவருக்குக் காப்பி வரவழைத்தார்.

அந்தப் பட்டியலுக்கு நானும், பள்ளியில் என்னோடு வேலை பார்த்த கணக்கு டீச்சரும் கார்டு எழுதினோம். ஒரே வாசகம்தான், ஆனால் ஒவ்வொன்றையும் கையால் எழுத வேண்டியிருந்தது. பதில்கள் வரத் தொடங்கின. தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து, எங்கள் ஊரில் எல்லாரும் சாதம்தான் சாப்பிடுகிறார்கள், ஒரு குழப்பமும் இல்லை, எதற்காகக் கவலை என்று எழுதியிருந்தார்கள். வானம் பார்த்த பூமிகளிலிருந்து வேறு மாதிரி வந்தது. ‘நீங்கள் எழுதிய பிறகுதான் கேட்டுப் பார்த்தோம். இங்கும் அப்படியே’ என்று ஒரு கார்டு. அதை நான் அம்மாவிடம்கூடக் காட்டவில்லை.

அதிகாரி பம்பாயில் என்ன பாடுபட்டாரோ தெரியாது. ஆடி பிறப்பதற்குள் புதுத் தாள் வந்தது. ‘உணவு’ என்று பொதுவாகப் போட்டால் போதும் என்று தலைமையிடம் சொன்னதாகவும், தான் விடவில்லை என்றும் எழுதியிருந்தார். களி, கூழ், சோறு மூன்றும் இருந்தன. இலைப் படம் போய், உதிக்கிற சூரியன் ஒன்றும் மறைகிற சூரியன் ஒன்றும் வந்திருந்தன. அது அக்காவின் யோசனை. “சோத்தை எழுதினா சோத்தைத்தான் பாப்பாங்க. பொழுதை எழுதுங்க, அது எல்லாருக்கும் ஒண்ணுதானுங்களே,” என்று அவள் சொன்னதை அதிகாரிக்கு எழுதியிருந்தேன். பாராட்டுக் கடிதம் எதுவும் இந்தத் தடவை வரவில்லை.

ஆனால் அவளுக்கு அந்த மாத்திரை இனிக் கேட்காது என்று ஆகிவிட்டது. தொலைவில் இருந்த சானடோரியத்தில் படுத்து ஊசி போட்டுக்கொள்ள வேண்டும் என்றார் சிஸ்டர். கடலைக்காய் பிடுங்கி முடியட்டும் என்று அவள் நாளைத் தள்ளினாள். நான் போய்ச் சண்டை போட்டேன். “புள்ளைங்களை யாரு பாப்பாங்க?” என்றாள். சின்னக் குழந்தையைத் தாய்வீட்டில் விட்டு, பெரியதைப் புருஷனோடு விட்டு, ஐப்பசியில் போனாள். ஒன்றேகால் வருஷம் அங்கே இருந்தாள். கம்பெனி அதற்கான ஊசி மருந்தைத் தருமா என்று அதிகாரியைக் கேட்டு எழுதினேன். அது திட்டத்தில் சேராது என்று தலைமையிடம் மறுத்துவிட்டது. ஆறு மாதத்துக்கான மருந்து பார்சலில் சானடோரியத்துக்கு வந்து சேர்ந்தது, அனுப்பியவர் பெயர் இல்லாமல். நான் அவரைக் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

அவள் திரும்பி வந்தபோது சின்னது அவளிடம் போக மறுத்து அழுதது. நோய் நுரையீரலைத் தின்ற இடப்பக்கத்தில் தோள் சற்றே இறங்கியிருந்தது. காட்டு வேலை இனி முடியாது. சிஸ்டர் அவளை மருந்தகத்தில் ஆயாவாக வைத்துக்கொண்டார். மருந்து வாங்க வருகிறவர்களை அவள்தான் முதலில் உட்காரவைப்பாள். “காத்தால என்ன தின்னீங்க? ராத்திரிக்கு என்ன?” என்று கேட்டு, பதிலைச் சொல்லவைத்து, பிறகுதான் சிஸ்டரிடம் அனுப்புவாள். கூச்சத்தில் பொய் சொல்கிறவர்களை எப்படியோ கண்டுபிடித்துவிடுவாள்.

மூன்றாம் வருஷ முடிவில் கம்பெனி அந்த இலவச மாத்திரையை நிறுத்தியது. இந்தியாவில் பணி நிறைவுற்றது, இனி வேறு நாடுகளில் தொடரும் என்று அச்சடித்த கடிதம் சிஸ்டருக்கு வந்தது. நல்லவேளை, சீக்கிரமே சர்க்கார் மாத்திரை வரத் தொடங்கியது. இடையில் ஐந்து வாரம் ஒன்றுமில்லாமல் தவித்தோம். அப்பா கடையிலிருந்து கொஞ்சம், சேலத்துப் பங்கு மக்களிடம் வாங்கிக் கொஞ்சம் என்று ஓட்டினோம். அந்தக் கம்பெனியை நான் திட்டியதும் உண்டு, அவர்கள் மாத்திரையால் எழுந்து நடந்தவர்களை அந்தச் சாலையில் பார்த்து மனதுக்குள் கும்பிட்டதும் உண்டு. இரண்டையும் ஒன்றாக்க எனக்கு இன்றுவரை முடியவில்லை.

ஒரு வருஷம் கழித்து அதே அதிகாரியிடமிருந்து ஒரு உறை வந்தது. குழந்தைகளின் வயிற்றுப் புழுவுக்கு ஒரு மருந்து, மறுபடியும் இலவசம், மறுபடியும் ஒரு தாள். என்னையே எழுதச் சொல்லியிருந்தார். நான்கு நாள் அந்த உறையைப் பள்ளிப் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தேன். வேண்டாம் என்று ஒரு கடிதம் எழுதிக் கிழித்தேன். நான் இல்லையென்றால் வேறு யாரோ ஒருவர், மூன்று வேளையும் சாதம் சாப்பிடுகிற ஒருவர், எழுதத்தான் போகிறார். கடைசியில், எழுதுகிறேன், ஆனால் ஊர்களில் படித்துக் காட்டாமல் அனுப்பமாட்டேன், அதற்கு ஆகும் நாள் ஆகும் என்று எழுதினேன். சரி என்று தந்தி கொடுத்தார்.

முதலில் அக்காவிடம் போனேன். அவள் நான்கு இடத்தில் கோடு போட்டாள். அடுத்த சனிக்கிழமை எடப்பாடி. தறிக்காரர் தெருவில், தண்ணீர்க் குழாயடியில் குடத்தோடு நின்ற பெண்களிடம் படித்துக் காட்டினேன். ‘குடற்புழு’ என்ற இடத்தில் எல்லாரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள்.

“அதென்னங்க அது?” என்றாள் ஒருத்தி.

“குழந்தைங்க வயித்துல இருக்குமே…”

“பூச்சிங்களா? பூச்சின்னு எழுதுங்க. எம் பையன் வயித்துல புழுவா இருக்குது? எலையில இருக்கறதுதான புழுவு,” என்றாள் இன்னொருத்தி. எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்துக்கொண்டே அடித்து எழுதினேன்.

திங்கட்கிழமை அதிகாரி கடைக்கு டிரங்க் கால் போட்டார். அச்சகத்தில் காத்திருக்கிறார்களாம். இன்னும் எத்தனை நாள் என்று கேட்டார்.

“இன்னும் தம்மம்பட்டிப் பக்கம் போகலை சார்,” என்றேன். “அந்தப் பக்கம் பேச்சு வேற. ரெண்டு வாரம் கொடுங்க.”

“மூணு வாரமா எடுத்துக்கோங்க மிஸ்,” என்றார்.

வெள்ளிக்கிழமை பள்ளிக்கு அரை நாள் லீவு எழுதிக் கொடுத்துவிட்டு தம்மம்பட்டி போக ஆத்தூர் பஸ்ஸில் ஏறினேன்.